நிலம் நம்மளுதுன்னு கோர்ட்ல நிரூபிக்கிறது எப்படி? டெல்டா பக்கத்து ஆளுங்களுக்கு முழு வழிகாட்டி

இடத்தகராறுன்னு வந்துட்டா நம்ம ஆளுங்க மொதல்ல பண்றது, பீரோல கெடக்குற எல்லா பேப்பரையும் ஒரு மஞ்சப்பைல போட்டுக்கிட்டு வக்கீல் ஆபீஸுக்கு பஸ் ஏறுறதுதான். பை கனமா இருந்தா கேஸும் பலமா இருக்கும்னு ஒரு நெனப்பு. நாங்களும் அப்படித்தான் போனோம். அப்பா பேர்ல ரெண்டு மா நஞ்சை, பக்கத்து வரப்புக்காரர் வருஷத்துக்கு ஒரு மம்பட்டி அகலம் உள்ள வந்து வந்து கடைசில மொத்தமும் தன்னுதுன்னுட்டார், கேஸ் போட்டோம், நாலு வருஷம் அலைஞ்சோம், தள்ளுபடி ஆயிடுச்சு. நிலம் யாருதுங்கிற கேள்விக்குள்ளயே கோர்ட் போகல, நாங்க கேட்ட பரிகாரமே தப்பு (அந்தக் கதை 6-ல வருது). திரும்ப மொதல்லேர்ந்து போட்டுத்தான் ஜெயிச்சோம்.

அதுக்கப்புறம் சொந்தக்காரங்க, தெருக்காரங்கன்னு நெறைய பேரு பையோட வீட்டுக்கு வர ஆரம்பிச்சாங்க. ஒக்காந்து பிரிச்சுப் பாத்தா எல்லாரும் ஒரே எடத்துலதான் தடுக்கி விழறாங்க. கோர்ட்டுக்கு தெரிய வேண்டியது மூணு விஷயம்: எந்த மண்ணு, அது உங்களுக்கு எப்படி வந்துச்சு, இப்ப யாரு கைல இருக்கு. மூணுக்கும் வேற வேற பேப்பர், வேற வேற சாட்சி. மூணையும் ஒண்ணா கொழப்பி "எல்லாத்துக்கும் பட்டா இருக்குல்ல"ன்னு போறவங்கதான் அதிகம் அடிபடுறாங்க. நான் வக்கீல் கெடையாது, உங்க வக்கீல் சொல்றதுதான் கடைசி. ஆனா அவர்கிட்ட போறதுக்கு முன்னாடி நீங்க முடிச்சிருக்க வேண்டிய வேலை நெறைய இருக்கு.

1. பேப்பருக்கு முன்னாடி காலண்டரைப் பாருங்க

எதிராளி எந்த நாள் உங்க நிலத்துல எறங்குனாரு, எந்த நாள் வாயத் தொறந்து "இது உன்னுது இல்ல"ன்னாரு, இந்த ரெண்டு தேதியையும் ஒரு நோட்டுல எழுதிருங்க. கெடு எல்லாம் அதுலேர்ந்துதான் ஓடுது.

உங்கள பலவந்தமா வெளிய தள்ளிட்டாங்கன்னா ஆறு மாசத்துக்குள்ள குறித்தவகை பரிகாரச் சட்டம் 1963, 6-ஆவது பிரிவுல வழக்கு போடலாம். அதுல உரிமை யாருதுன்னே கோர்ட் பாக்காது, நேத்து வரைக்கும் யாரு அனுபவிச்சா, சட்டப்படி இல்லாம வெளிய தள்ளுனாங்களா, அவ்வளவுதான் கேள்வி. பத்திரத்துல ஓட்டை இருக்கிறவங்களுக்கு இது பெரிய வழி, ஆனா பேச்சுவார்த்தை, பஞ்சாயத்துன்னு இழுத்தடிச்சு ஏழாவது மாசம் வக்கீல்கிட்ட போறவங்கள நான் நெறைய பாத்துட்டேன். அரசாங்கத்து மேல இந்தப் பிரிவுல போட முடியாது.

உரிமைய அறிவிக்கச் சொல்ற விளம்புகை வழக்குக்கு, கேக்குற உரிமை எப்ப மொதல்ல எழுந்துச்சோ அதுலேர்ந்து மூணு வருஷம். உரிமைய வெச்சு சுவாதீனத்த, அதாவது நிலத்த நம்ம கைக்கு, திருப்பி கேக்குறதுக்கு பன்னெண்டு வருஷம், அது எதிராளியோட அனுபவம் உங்களுக்கு எதிரா மாறுன நாள்லேர்ந்து.

இந்த நேரத்துல ஆள் சேத்துக்கிட்டுப் போய் வரப்ப வெட்டாதீங்க. வெட்டுனா நீங்க குற்றவாளி, அவரு சாட்சிக் கூண்டுல பாதிக்கப்பட்டவரு. போலீஸ்ல மனு குடுத்து ரசீது வாங்கி வெச்சுக்கங்க. சிவில் மேட்டர்னு திருப்பி அனுப்பினாலும் அந்த ரசீதுல இருக்கிற தேதி பின்னாடி உதவும். அவங்க முந்திக்கிட்டு தடை வாங்கிருவாங்கன்னு பயமா இருந்தா கேவியட் (எங்கள கேக்காம தடை குடுக்காதீங்கன்னு கோர்ட்ல முன்கூட்டியே குடுக்குற மனு) போடுங்க, 90 நாள் வரைக்கும் நிக்கும், முடிஞ்சா திரும்ப போடணும்.

2. எந்த மண்ணு? இதுதான் மொத வேலை

எல்லாரும் தாண்டிப் போற எடம் இது. பத்திரத்துல இருக்கிற நிலமும் வயல்ல இருக்கிற நிலமும் ஒண்ணுதான்னு காட்டலைன்னா மிச்ச எல்லா பேப்பரும் வேற எவரோட நிலத்துக்கோ உள்ள பேப்பர் ஆயிடும்.

எங்க பத்திரத்தையே எடுத்துக்கங்க. தாத்தா வாங்கின கிரையத்துல "தஞ்சாவூர் ஜில்லா நன்னிலம் தாலுகா"ன்னு இருக்கு. 1991-ல நாகப்பட்டினம் மாவட்டம் பிரிஞ்சதும் நன்னிலம் அதுக்குள்ள போச்சு, 1997-ல திருவாரூர் மாவட்டம் வந்ததும் இங்க வந்துச்சு. ஆக ஒரே வயலுக்கு மூணு பத்திரத்துல மூணு மாவட்டம். மாயவரம் பக்கம் உள்ளவங்களுக்கு 2020-க்கு அப்புறம் மயிலாடுதுறை மாவட்டம்னு இன்னொரு பேரு சேந்துருச்சு. இது நமக்கு தெரியும், வெளியூர்லேர்ந்து மாறி வந்த நீதிபதிக்கு தெரியணும்னு கட்டாயமில்ல, அதனால பிராதுலயே (கோர்ட்ல போடுற வழக்கு மனு) ரெண்டு வரி எழுதி விளக்கிரணும்.

அடுத்தது அளவு. பழைய பத்திரத்துல மா, குழி, வேலி. பட்டாவுல ஹெக்டேர், ஏர். கணக்கு இதுதான்: ஒரு குழி 144 சதுர அடி, நூறு குழி ஒரு மா, இருபது மா ஒரு வேலி. ஒரு மா 14,400 சதுர அடி, அதாவது 33 செண்டு சொச்சம். ஒரு ஏர் 2.47 செண்டு. எங்க ரெண்டு மா 66 செண்டு, ஏர் கணக்குல 26.76 வரணும், சிட்டாவுல 0-26.50-ன்னு இருந்துச்சு. அர செண்டுக்கு மேல கொஞ்சம் கொறையுது. இந்த வித்தியாசத்த நீங்களே மொதல்ல சொல்லிட்டா அது வெறும் அளவு மாத்துன வித்தியாசம், குறுக்கு விசாரணைல எதிர் வக்கீல் எடுத்துக் காட்டுனா "வாதிக்கு தன் நிலத்தோட அளவே தெரியல".

அப்புறம் சர்வே நம்பர். பழைய நம்பர் ஒண்ணு, இப்ப உள்ள நம்பர் ஒண்ணு, நடுவுல உட்பிரிவு. 112-ன்னு இருந்தது 112/3 ஆகி, அண்ணன் தம்பி பாகம் பிரிச்சப்ப 112/3ஏ, 112/3பி ஆகியிருக்கும். பழசுக்கும் புதுசுக்கும் ஒப்பீடு காட்டுற பதிவேட்டு நகல தாலுகா ஆபீஸ்ல கேட்டு வாங்குங்க. தர இழுத்தடிச்சா தகவல் உரிமைச் சட்டத்துல பத்து ரூபா கட்டி மனு போடுங்க, 30 நாள்ல பதில் சொல்லியாகணும். இனாம் நிலமா இருந்துருந்தா பத்திரத்துல டி.டி. (டைட்டில் டீட்) நம்பர், பைமாஷ் (பழைய நில அளவை) நம்பர்னு எல்லாம் இருக்கும், அதுக்கு செட்டில்மெண்ட் பதிவேடு வரைக்கும் பின்னால போகணும்.

கடைசியா சக்குபந்தி. "வடக்கே வாய்க்கால், கிழக்கே இன்னார் நிலம்"னு நாலு எல்லை இருக்கும்ல, அதுல சொல்லியிருக்கிற ஆளு செத்து முப்பது வருஷம் ஆயிருக்கும். இப்ப அந்த நிலம் யாருகிட்ட இருக்குன்னு ஒவ்வொரு பக்கத்துக்கும் கண்டுபிடிச்சு எழுதுங்க. அளவும் எல்லையும் முட்டிக்கிச்சுன்னா பொதுவா எல்லைதான் நிக்கும்னு கோர்ட்டுகள் சொல்லிக்கிட்டு வருது, அதனால சக்குபந்திய சும்மா காப்பி அடிச்சு விடாதீங்க.

இதெல்லாம் கைல வந்ததும் புலப்படத்த (உங்க சர்வே நம்பரோட வரைபடம்) எடுத்துக்கிட்டு வயலுக்குப் போங்க. சர்வேயர வெச்சு அளக்குறதா இருந்தா சம்பா, தாளடி அறுப்பு முடிஞ்சு தரை காஞ்சதும் அளக்கணும். தண்ணி நிக்கிறப்ப சேத்துக்குள்ள கல்லு எங்க இருக்குன்னே தெரியாது, நடவு முடிஞ்சா பயிருக்குள்ள சங்கிலி பிடிக்க விட மாட்டாங்க. மேட்டூர் தண்ணி ஜூன்ல வருதுன்னா மே மாசம் கடைசிக்குள்ள முடிச்சிருங்க.

3. அது உங்களுக்கு எப்படி வந்துச்சு: சங்கிலி கட்டுங்க

ஒரு வெள்ளத்தாள எடுத்து உங்க பேர கீழ எழுதிட்டு மேல நோக்கி போங்க. எனக்கு அப்பாகிட்டேருந்து, அப்பாவுக்கு தாத்தாகிட்டேருந்து, தாத்தா இன்னார்கிட்ட கிரையம். ஒவ்வொரு படிக்கும் பக்கத்துல என்ன பேப்பர் இருக்குன்னு எழுதுங்க. பேப்பர் இல்லாத படி எதுவோ அங்கதான் எதிராளி அடிப்பாரு.

சங்கிலி பெரும்பாலும் சாவுல அறுந்துருக்கும். தாத்தா செத்தாரு, அப்பா நிலத்த பாத்துக்கிட்டாரு, பட்டா அப்பா பேருக்கு மாறுச்சு, அத்தைங்க ரெண்டு பேரு என்ன ஆனாங்கன்னு யாரும் கேக்கல. இறப்புச் சான்று, வாரிசுச் சான்று, பாகப் பத்திரம் இல்லன்னா விடுதலைப் பத்திரம், இது ஒவ்வொரு சாவுக்கும் வேணும். அத்தைங்க பங்கு எழுதிக் குடுக்கலன்னா "முழுசும் எனக்கு மட்டும்"னு பிராதுல எழுதாதீங்க, அவங்களையும் வாதியா சேத்துக்கங்க. பாசத்த நம்பி விட்டுட்டு, எதிராளி அத்தைய போய் பாத்து அவங்க பங்க கிரையம் வாங்கிட்டு வந்து நின்னத நான் நேர்ல பாத்தேன்.

வாய்மொழி பாகம், கூர்சீட்டு. நம்ம பக்கம் இது ரொம்ப சகஜம். பெரியவங்க நாலு பேரு முன்னாடி வாய்மொழியா பாகம் பிரிச்சு, அப்புறம் ஞாபகத்துக்காக எழுதி வெச்சது ஒரு வகை, அந்தச் சீட்டு மூலமாவே பாகம் பிரிச்சது இன்னொரு வகை. ரெண்டாவதுக்கு பதிவு கட்டாயம், இல்லன்னா பாகத்துக்கு சாட்சியா எடுத்துக்க மாட்டாங்க. எழுத்துல இருக்கிற வார்த்தைய வெச்சுத்தான் எந்த வகைன்னு முடிவாகும், அதனால கூர்சீட்ட வக்கீல்கிட்ட காட்டாம எங்கயும் தாக்கல் பண்ணாதீங்க.

உயில் இருந்தா, பதிவு பண்ணதுன்னு தெம்பா இருக்காதீங்க. சாட்சிக் கையெழுத்து போட்டவங்கள்ல ஒருத்தராவது கூண்டுல ஏறி சொல்லணும். அவங்களுக்கு வயசாயிருந்தா இதுதான் ரொம்ப அவசரமான வேலை.

முப்பது வருஷத்துக்கு மேல பழைய அசல் பத்திரம் முறையான ஆளுகிட்டேருந்து வந்தா அத எழுதுனவரு, சாட்சின்னு கூப்பிட வேண்டாம், உண்மைன்னு எடுத்துக்கலாம்னு சாட்சியச் சட்டத்துல ஒரு அனுமானம் இருக்கு. பழைய சட்டத்துல 90-ஆவது பிரிவு, 2024 ஜூலை 1-லேர்ந்து பாரதிய சாட்சிய அதினியத்துல 92. இது உயிலுக்கு உதவாது, நகலுக்கும் உதவாது. ஆகையால அசல் எங்க இருக்குன்னு தேடுங்க. பேங்க்ல இருக்கா, கூட்டுறவு சங்கத்துல அடமானத்துல இருக்கா, பெரியப்பா வீட்ல இருக்கா. 2018 கஜா புயல்ல வேதாரண்யம், திருத்துறைப்பூண்டி பக்கம் எத்தனையோ வீட்ல கூரை போயி பத்திரம் கூழாச்சு. அசல் இல்லன்னா எப்படிப் போச்சுன்னு மொதல்ல சாட்சியம் குடுத்துட்டுத்தான் பதிவு ஆபீஸ் சான்றிட்ட நகல போடணும். அந்த ஒரு படிய விட்டுட்டு நேரா நகல நீட்டுனா எதிர்ப்பு வரும்.

வில்லங்கச் சான்று எடுக்கும்போது ஒரு விஷயம். சார்பதிவாளர் ஆபீஸ் எல்லை காலப்போக்குல மாறியிருக்கும். உங்க கிராமம் முன்னாடி எந்த ஆபீஸ்ல இருந்துச்சோ அங்கயும் எடுக்கணும், இப்ப உள்ளதுலயும் எடுக்கணும், பழைய வருஷத்துக்கு ஆன்லைன்ல வராது, மனு போட்டுத்தான் வாங்கணும். பழைய சர்வே நம்பர், புது நம்பர் ரெண்டையும் போட்டு தேடுங்க. "வில்லங்கத்துல ஒண்ணும் இல்ல"ன்னு நிம்மதியும் ஆயிராதீங்க, பதிவாகாத உயில், வாய்மொழி பாகம் எதுவும் அதுல ஏறாது.

4. பட்டாவ எந்த எடத்துல வைக்கணும்

பட்டா உரிமை ஆவணம் கெடையாது, வரி யாருகிட்ட வசூல் பண்றதுன்னு வருவாய்த்துறை வெச்சிருக்கிற கணக்கு. பட்டா மாறுனதால மட்டும் உரிமை மாறாதுன்னு சுப்ரீம் கோர்ட் திரும்பத் திரும்ப சொல்லிருச்சு. இது ரெண்டு பக்கமும் வெட்டும். உங்ககிட்ட பட்டா மட்டும் இருந்தா பத்தாது, எதிராளி பேர்ல பட்டா இருக்குன்னு நீங்க மனசு விட்டுறவும் வேண்டாம்.

நம்ம பக்கம் பாதி தகராறுக்கு வேரு யூ.டி.ஆர்.ல இருக்கு. 1979-லேர்ந்து 1987 வரைக்கும் நடந்த நில உடைமை மேம்பாட்டுத் திட்டத்துல யாரு அன்னிக்கு வயல்ல நின்னாங்களோ, யாரு பேர சொன்னாங்களோ அந்தப் பேரு ஏறுன கதை எல்லா ஊர்லயும் உண்டு. அதனால யூ.டி.ஆர்.க்கு முந்தின அ-பதிவேடு (சர்வே நம்பர் வாரியா நிலமும் பேரும் இருக்கிற கிராமக் கணக்கு), பிந்தின அ-பதிவேடு ரெண்டையும் சான்றிட்ட நகலா வாங்கி பக்கத்துல பக்கத்துல வைங்க. பத்திரம் எதுவும் நடக்காமலே நடுவுல பேரு மாறியிருந்தா அதுவே உங்க வாதம்.

அதே அ-பதிவேட்ல கோயில் பேரு இருக்கான்னும் பாத்துக்கங்க. தேவஸ்தான நிலத்துல எத்தனை தலைமுறையா இருந்தாலும் அனுபவத்த வெச்சு உரிமை கேக்க முடியாது. அது தெரியாம லட்சக்கணக்குல செலவு பண்ணக் கூடாது.

5. இப்ப யாரு கைல இருக்கு: அனுபவத்த காட்டுறது

டெல்டாக்காரங்களுக்கு இதுல ஒரு பெரிய வசதி இருக்கு, விவசாயத்துக்கு நாம வருஷா வருஷம் எதையாவது பதிஞ்சுக்கிட்டே இருக்கோம், அது எல்லாமே சாட்சி, யாரும் அத எடுத்து வைக்கிறது இல்ல.

ஒரு கோடு போட்ட நோட்டு வாங்குங்க. இடது ஓரத்துல பசலி, அதாவது வருவாய்த்துறையோட கணக்கு வருஷம், எழுதுங்க. பசலி ஜூலை 1-ல தொடங்கி ஜூன் 30-ல முடியும். ஜூலையிலேர்ந்து டிசம்பர் வரைக்கும் உள்ள தேதின்னா வருஷத்துலேர்ந்து 590 கழிங்க, ஜனவரியிலேர்ந்து ஜூன் வரைக்கும்னா 591. 2023 ஆகஸ்ட்ல விதைச்சு 2024 ஜனவரில அறுத்த சம்பா ரெண்டு கணக்குலயும் பசலி 1433 தான். இதுல தப்பு பண்ணி ஒரே சாகுபடிய ரெண்டு பசலின்னு காட்டுனவங்க இருக்காங்க.

இப்ப ஒவ்வொரு பசலிக்கு நேராவும் என்ன இருக்குன்னு நெரப்புங்க: அடங்கல் (எந்த வயல்ல யாரு என்ன பயிர் வெச்சாங்கன்னு வி.ஏ.ஓ. எழுதுற கணக்கு), தீர்வை ரசீது, தொடக்க வேளாண்மை கூட்டுறவு சங்கத்துல வாங்குன பயிர்க்கடன், பயிர்க் காப்பீட்டு பிரீமியம் கட்டுன ரசீது, நேரடி கொள்முதல் நிலையத்துல நெல்லு போட்ட ரசீது, அந்தப் பணம் பேங்க்ல ஏறுன பாஸ்புக் வரி, வெள்ள நிவாரணம், போர் இருந்தா கரண்ட் இணைப்பு. தென்னை இருந்து கஜா நிவாரணம் வாங்கியிருந்தா அந்தப் பட்டியல்ல மரக்கணக்கோட உங்க பேரு இருக்கும், அதெல்லாம் தங்கம். எல்லா வருஷத்துக்கும் எல்லாம் கெடைக்காது. வரிசையா எட்டு, பத்து பசலிக்கு ஏதாவது ஒண்ணாவது இருந்தா நோட்ட பாத்தாலே தெரியும் யாரு விவசாயம் பண்ணாங்கன்னு.

எது பலம், எது பலவீனம்னா, தகராறு வர்றதுக்கு முன்னாடி, வேற காரியத்துக்காக, வேற ஆபீஸ்ல உருவான பேப்பர்தான் பலம். கொள்முதல் நிலைய ரசீத யாரும் கேஸுக்காக வாங்கி வைக்கிறதில்ல, அதனால கோர்ட் நம்பும். வழக்கு போட்ட வாரம் வி.ஏ.ஓ.கிட்ட போயி பத்து வருஷ அடங்கல ஒரே நாள்ல, ஒரே மையில எழுதி வாங்கிட்டு வர்றது இருக்கே, அத எதிர் வக்கீல் ஒரு கேள்வில கிழிச்சிருவாரு. உரம் வாங்குன பில்லு, டிராக்டர் வாடகை இதுல சர்வே நம்பர் இருக்காது, துணைக்கு வெச்சுக்கலாம்.

போன்ல எடுத்த போட்டோ, வீடியோவுக்கு பாரதிய சாட்சிய அதினியம் 63-ஆவது பிரிவுப்படி சான்றிதழ் வேணும், அதுல ரெண்டு பகுதி, ஒண்ணு நீங்க குடுக்கணும், ஒண்ணு நிபுணர். எடுத்த போன வித்துராதீங்க, மாத்திராதீங்க.

குத்தகைக்கு விட்டிருந்தா உங்க அனுபவம் குத்தகைதாரர் வழியா இருக்கு, அது சட்டப்படி அனுபவம்தான். ஆனா அவரு குத்தகை உரிமைப் பதிவேட்ல பதிஞ்சிருக்காரான்னு பாருங்க. 1969-ல வந்த குத்தகை உரிமை பதிவுச் சட்டப்படி அது தாசில்தார் கையில உள்ள பதிவேடு. எதிராளியே பதிஞ்ச குத்தகைதாரர்னா அவர வெளியேத்துற வேலை சிவில் கோர்ட்டுக்கு கெடையாது, வருவாய் நீதிமன்றத்துக்குப் போகணும். எடம் தெரியாம சிவில் கோர்ட்ல போட்டு வருஷத்த விடாதீங்க.

6. கோர்ட்ல எதைக் கேக்கணும்

நாங்க தோத்த எடம். நாங்க நிரந்தர உறுத்துக்கட்டளை மட்டும் கேட்டோம், அதாவது "அவரு உள்ள வரக்கூடாது"ன்னு. செலவு கம்மின்னு நெனச்சோம். எதிராளி எதிருரைல "நிலமே என்னுது, என்கிட்டயும் பத்திரம் இருக்கு"ன்னுட்டாரு. அப்பவே பிராத திருத்தி விளம்புகை சேத்துருக்கணும். சேக்கல. உரிமை கேள்வி இருக்கு, விளம்புகை கேக்கல, கேட்டு தனியா வழக்கு போட்டுக்கங்கன்னு தள்ளுபடி பண்ணிட்டாங்க. அப்பா தீர்ப்பு அன்னிக்கு கோர்ட் வாசல் டீக்கடைல ஒக்காந்து "அப்ப நிலம் யாருதுன்னு சொன்னாங்க தம்பி?"ன்னு என்னைக் கேட்டாரு. சொல்றதுக்கு என்கிட்ட ஒண்ணும் இல்ல.

கணக்கு இதுதான். நிலம் உங்க கைல இருக்கு, எதிராளிக்கு சொல்லிக்க ஒரு பத்திரமும் இல்ல, சும்மா வம்பு பண்றாரு: உறுத்துக்கட்டளை போதும். நிலம் உங்க கைல இருக்கு, ஆனா அவரும் உரிமை கொண்டாடுறாரு: விளம்புகையும் உறுத்துக்கட்டளையும். நிலம் உங்க கைய விட்டுப் போயிருச்சு: விளம்புகையும் சுவாதீனமும். கைல இல்லாத நிலத்துக்கு வெறும் விளம்புகை மட்டும் கேட்டா குறித்தவகை பரிகாரச் சட்டம் 34-ஆவது பிரிவு தடுக்கும். 2008-ல சுப்ரீம் கோர்ட் இத தெளிவா பிரிச்சு சொல்லியிருக்கு, உங்க வக்கீலுக்கு அந்த தீர்ப்பு தெரிஞ்சிருக்கும்.

இதுல பொய் சொல்லாதீங்க. நிலம் போயிருச்சு, ஆனா கோர்ட் ஃபீஸ் கம்மியாகும்னு "எங்க சுவாதீனத்துலதான் இருக்கு"ன்னு எழுதுறாங்க. சுவாதீனத்துக்கு நிலத்தோட மதிப்புல 3 சதவீதம், விளம்புகையும் உறுத்துக்கட்டளையும்னா பாதி மதிப்புக்கு கட்டுனா போதும், அதனால வர்ற ஆசை. கோர்ட் அனுப்புற வக்கீல் கமிஷனர் வந்து பாத்தா எதிராளியோட பயிர் நிக்கும், அப்புறம் நீங்க சொல்ற உண்மையையும் யாரும் நம்ப மாட்டாங்க.

எதிராளி "பன்னெண்டு வருஷமா அனுபவிக்கிறேன், எதிரிடை அனுபவத்துல எனக்கு உரிமை வந்துருச்சு"ன்னா பதறாதீங்க. அத நிரூபிக்கிற பாரம் அவருது. எந்த தேதிலேர்ந்து, யாருக்கு எதிரா, எல்லாருக்கும் தெரியுற மாதிரி, விட்டுவிடாம அனுபவிச்சேன்னு காட்டணும். நீங்க இருங்கன்னு விட்டவரு, குத்தகைக்காரரு, கூடப்பொறந்த பங்காளி இவங்களுக்கு அது லேசுல வராது. "நிலம் எப்பவுமே என்னுதுதான்"னு ஒரு வாய்ல, "எதிரிடை அனுபவம்"னு இன்னொரு வாய்ல சொன்னா ரெண்டும் ஒண்ண ஒண்ணு கடிக்கும்.

7. பிராது எழுதும்போது

சொத்து விவரத்த நீங்க ஒக்காந்து வார்த்தை வார்த்தையா படிங்க. டைப் பண்றவரு 112/3ஏ-ய 113/2ஏ-ன்னு அடிச்சா ஜெயிச்சாலும் அந்த டிகிரிய (தீர்ப்பாணை) வெச்சு ஒரு குழி மண்ணும் எடுக்க முடியாது. பழைய நம்பர், புது நம்பர், மா கணக்கு, ஏர் கணக்கு, நாலு எல்லை, பாயுற வாய்க்கால் பேரு எல்லாம் இருக்கணும். 2-ல செஞ்ச வேலை இங்கதான் பலன் குடுக்குது.

ஆவணங்கள பிராதோடவே போடுங்க. "அப்புறம் காட்டிக்கலாம்"னு மறைச்சு வெச்சா பின்னாடி கோர்ட் அனுமதி கேட்டு அலையணும். தாசில்தாரையோ கலெக்டரையோ பிரதிவாதியா சேக்கணும்னா உரிமையியல் நடைமுறைச் சட்டம் 80-ஆவது பிரிவு நோட்டீஸ் அனுப்பி ரெண்டு மாசம் காத்திருக்கணும், அவசரம்னா கோர்ட் அனுமதியோட போடலாம். இத 1-ல உள்ள காலண்டரோட சேத்துப் பாருங்க.

8. இடைக்காலத் தடையும் கமிஷனரும்

தடை கேக்குற மனுவுல உங்க பக்கம் மேலோட்டமா நியாயம் இருக்கா, தடை குடுக்கலன்னா யாருக்கு அதிக கஷ்டம், பணத்தால ஈடுகட்ட முடியாத நஷ்டமா, இதுதான் பாப்பாங்க. பசலி நோட்ட வக்கீல்கிட்ட குடுத்தா இந்த மனு நாளே வித்தியாசமா போகும். எதிராளிய கேக்காம தடை கெடைச்சா நகல் எல்லாத்தையும் ஒடனே அவருக்கு அனுப்பி அனுப்பினதுக்கு அத்தாட்சி தாக்கல் பண்ணணும், அத மறந்து தடைய இழந்தவங்க உண்டு.

வழக்கறிஞர் ஆணையர (கமிஷனர) கேக்குறது எல்லை, அளவு, வரப்பு, கல்லு, மரம் இதெல்லாம் குறிக்க. யாரு அனுபவத்துல இருக்காங்கன்னு கண்டுபிடிச்சு சொல்ல அவர அனுப்ப மாட்டாங்க, மனுவுல அப்படி எழுதுனா தள்ளுபடி. அவரு வர்ற நாள் சர்வேயரும் கூட வரணும், நீங்களும் இருக்கணும், குறிக்க வேண்டியத எழுத்து மூலமா குடுங்க. அறிக்கை தப்பா இருந்தா அப்பவே ஆட்சேபணை போடணும்.

9. கூண்டுல ஏறும்போது

நிலத்த தெரிஞ்ச ஆளு ஏறணும். எங்க சொந்தத்துல ஒருத்தரு, ஊர்ல நிலத்த பாத்துக்கிட்ட தம்பிய விட்டுட்டு "அண்ணன்தான் பெரியவரு"ன்னு திருப்பூர்ல இருக்கிற அண்ணன ஏத்துனாங்க. வடக்குப் பக்கம் யாரு நிலம்? தெரியாது. எந்த வாய்க்கால்ல பாயுது? தெரியாது. போன சம்பால என்ன ரகம் போட்டீங்க? தெரியாது. மூணு "தெரியாது", எழுதிக்கிட்டாங்க. பவர் ஏஜெண்ட ஏத்துறதா இருந்தாலும் அவருக்கு நேரா தெரிஞ்சத மட்டும்தான் சொல்ல முடியும், உங்களுக்கு தெரிஞ்சத அவரு சொல்ல முடியாது.

பக்கத்து வயல்காரர் ஒருத்தர், மடை பாத்தவரு இல்லன்னா நாத்து நட்ட அம்மா ஒருத்தர் போதும், பத்து சொந்தக்காரங்க வேண்டாம். அவங்களுக்கு எதையும் சொல்லிக் குடுக்காதீங்க, பாத்தத சொல்லட்டும். கேள்வி புரியலன்னா புரியலன்னு சொல்லுங்க, ஞாபகம் இல்லாத தேதிய குத்துமதிப்பா சொல்லாதீங்க. ஒவ்வொரு ஆவணமும் வா.சா.ஆ. (வாதி தரப்பு சான்றாவணம்) நம்பர் போட்டு குறியீடு ஆச்சான்னு அன்னிக்கே சரிபாருங்க, பைல்ல இருந்தும் குறியீடு ஆகாத பேப்பர் தீர்ப்புல வராது.

எதிராளியோட பத்திரம் ஓட்டைன்னு காட்டுறதுலயே முழு சக்தியையும் செலவு பண்ணாதீங்க. உரிமை கேட்டு வந்த வாதி தன் பலத்துலதான் ஜெயிக்கணும், அவரோட பத்திரம் பொய்யா இருந்தாலும் உங்க சங்கிலி அறுந்திருந்தா நிலம் வராது.

10. டிகிரி வந்தப்புறம்

சான்றிட்ட நகலுக்கு அன்னிக்கே மனு போடுங்க. சுவாதீனம் கேட்டு ஜெயிச்சிருந்தா எதிராளி தானா விடலன்னா நிறைவேற்று மனு போடணும், அதுக்கு பன்னெண்டு வருஷம் இருக்குன்னு தள்ளிப் போடாதீங்க. கோர்ட் அமீனா (உத்தரவ நிறைவேத்துற ஊழியர்) வந்து ஒப்படைக்கிற நாள் சர்வேயர வெச்சு அளந்து கல்லு நட்டு, ஒப்படைச்ச பதிவுல அளவு எழுதியிருக்கான்னு பாத்து கையெழுத்து போடுங்க. மேல்முறையீடு இருக்கான்னு பாத்துக்கிட்டு டிகிரி நகலோட பட்டா மாறுதலுக்கு மனு குடுங்க, வில்லங்கத்துல ஏறுற மாதிரி டிகிரிய பதிவும் பண்ணிருங்க. அந்த பசலி முடியுறதுக்குள்ள சாகுபடி பண்ணி, அடங்கல்ல உங்க பேரும் பயிரும் ஏறுனத நேர்ல பாத்து நகல் வாங்கி, பழைய நோட்டுல அடுத்த வரிய எழுதுங்க.